நல்ல தண்ணீர்க் கொசு

சங்க மலருக்கு ஒரு கட்டுரை வேண்டும் என்று காரியதரிசி மூன்று முறை என் அறைக்கு வந்துவிட்டார். முதல் முறை, "தமிழனின் தொன்மை பற்றி எழுதேன்" என்றார். இரண்டாம் முறை, "டில்லிக் குளிரில் தமிழ் மாணவன் என்று சிரிப்பாக ஏதாவது எழுதேன்" என்றார். மூன்றாம் முறை வந்தபோது, "கொசுவைப் பற்றி எழுதுகிறேன்" என்று சொன்னேன். சற்று நேரம் என் முகத்தையே பார்த்தார். "அது விஞ்ஞானக் கட்டுரையா, நகைச்சுவைக் கட்டுரையா?" என்று கேட்டார். "ஒரு குற்றவாளியின் வாக்குமூலம்" என்றேன். "பக்கம் மிஞ்சாமல் இருந்தால் சரி" என்று சொல்லிவிட்டு அடுத்த அறைக்குப் போய்விட்டார்.

நான் விலங்கியலில் எம்.எஸ்ஸி. இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். என் ஆராய்ச்சிக்கு வாய்த்த விஷயம் அனாபிலிஸ் ஸ்டெபென்ஸி என்னும் மலேரியாக் கொசு. தண்ணீரின் உஷ்ணம் ஏற ஏற அதன் புழு எத்தனை நாளில் வளர்ந்து கொசுவாகிப் பறக்கிறது என்று கணக்கெடுப்பதே என் வேலை. எனாமல் தட்டுகளில் தண்ணீர் ஊற்றி, முட்டைகளை மிதக்கவிட்டு, நாய் பிஸ்கட்டையும் ஈஸ்ட்டையும் பொடித்துத் தூவி, காலையும் மாலையும் தலை எண்ணுகிறேன். வளர்ந்த கொசுக்களுக்கு ஊறவைத்த உலர்ந்த திராட்சை உண்டு. இதை அம்மாவிடம் தொலைபேசியில் சொன்னபோது, "நான் உனக்குக் கொடுத்தனுப்புன திராட்சைய நீ கொசுவுக்கா போடுற?" என்று கேட்டார்கள். அது சர்க்கார் திராட்சை என்று சொல்லிச் சமாதானப்படுத்த வேண்டியதாயிற்று.

ஆகவே, விடுதியில் கொசுவைப் பற்றி எந்தச் சந்தேகம் என்றாலும் என்னிடம்தான் வருவார்கள். நானும் பேராசிரியத் தோரணையில் பதில் சொல்வேன். "சாக்கடைக் கொசு வேறு, டெங்குக் கொசு வேறு; டெங்குக் கொசு நல்ல தண்ணீரில்தான் முட்டையிடும்; பகலில்தான் கடிக்கும்; காலில் வெள்ளை வளையம் பார்த்தாயா?" என்றெல்லாம் முதலாண்டுத் தம்பிமார்களுக்கு நான் செய்த பிரசங்கங்களை நினைத்தால் இப்போது கூச்சமாக இருக்கிறது.

சென்ற ஆகஸ்ட் கடைசி வாரம், ஒரு செவ்வாய்க்கிழமை. மாநகராட்சியிலிருந்து கொசுப் பரிசோதனைக்கு ஓர் அம்மாள் வந்தார். என் தாயாரின் வயது இருக்கும். ஒரு கையில் டார்ச்சு விளக்கு, மறு கையில் வெள்ளைக் கரண்டி, அக்குளில் ஒரு பதிவேடு. அறை அறையாகக் கதவைத் தட்டிக்கொண்டு வந்தார். என் கதவைத் தட்டியபோது நான் மேஜையில் அமர்ந்து கொசுவைப் பற்றிய ஓர் ஆங்கிலக் கட்டுரையைத்தான் படித்துக்கொண்டிருந்தேன். "எங்கள் அறையில் ஒன்றும் இராது அம்மா, நான் இதைத்தான் படிக்கிறேன்" என்று என் அரைகுறை ஹிந்தியில் சொன்னேன். அவர் அதைக் காதில் வாங்காமல் நேரே ஜன்னலருகே போய்க் கூலரின் பக்கவாட்டுத் திரையைக் கழற்றினார்.

இவ்வருஷம் புதிதாக வந்த நண்பர்களுக்காகக் கூலரின் லட்சணத்தைச் சொல்லிவிடுகிறேன். அடியில் ஒரு தொட்டி. மூன்று பக்கமும் மரச்சீவல் திரை. ஒரு சின்ன பம்பு தண்ணீரைத் திரையில் வார்க்க, விசிறி அதன் வழியாகக் காற்றை இழுத்து நம்மேல் வீசும். மே, ஜூனில் வெயில் 45 டிகிரியைத் தொடும்போது அது தெய்வம். ஜூலையில் மழை பிடித்துக்கொண்டால் காற்றெல்லாம் ஈரம். அப்போது கூலரால் ஒரு பிரயோசனமும் இல்லை. நாம் ஸ்விட்சை அணைத்துவிட்டு மறந்துவிடுகிறோம். தொட்டித் தண்ணீரோ அப்படியே நிற்கிறது. டெங்குக் கொசுவுக்கு இதைவிடச் சௌகரியமான பிரசவ விடுதியை யாராலும் கட்டித்தர இயலாது. என் கூலரும் ஜூலை நடுவிலிருந்து அப்படித்தான் நின்றிருந்தது.

அந்த அம்மாள் கரண்டியால் ஒரு மொண்டு மொண்டு, ஜன்னல் வெளிச்சத்தில் என்னிடம் நீட்டினார். எட்டுப் பத்துப் புழுக்கள் நெளிந்தன. மூச்சுக்குழலை நீர்மட்டத்தில் ஒட்டவைத்துக்கொண்டு தலைகீழாகச் சாய்ந்து தொங்கின. அனாபிலிஸ் புழு அப்படித் தொங்காது. நீர்மட்டத்தோடு மட்டமாகப் படுத்திருக்கும். இந்த வித்தியாசத்தைப் பரீட்சையில் படம் வரைந்து எழுதி மார்க்கு வாங்கியவன் நான். ஏடிஸ் ஈஜிப்டி, நாலாம் பருவப் புழு, இரண்டொரு நாளில் கூட்டுப்புழுவாகிவிடும் என்று மனம் தானாகச் சொல்லிற்று. வாய் ஒன்றும் சொல்லவில்லை.

"பேட்டா, என்ன படிக்கிறேன் என்று சொன்னாய்?" என்று கேட்டார் அந்த அம்மாள்.

சொன்னேன். அவர் சிரிக்கவில்லை, அதுதான் எனக்கு அதிகமாக உறைத்தது. பதிவேட்டில் எழுதிக்கொண்டே, "குடிசைகளில் டிரம்மைத் திறந்து அவர்களே காட்டுவார்கள். படித்த பிள்ளைகளின் அறைகளில்தான் கதவு திறக்க நேரமாகிறது" என்றார். எத்தனை வருஷமாக இந்த வேலை என்று கேட்டேன், ஏதாவது பேச வேண்டும் என்பதற்காக. பல வருஷமாக ஒப்பந்தத்தில்தான் இருப்பதாகச் சொன்னார். தொட்டியைக் கவிழ்க்கச் சொல்லி, ஓரங்களைத் தேய்த்துக் கழுவச் சொல்லி, அருகில் நின்று பார்த்துவிட்டுத்தான் போனார். ஓரத்தைத் தேய்க்கச் சொன்னதற்குக் காரணம் உண்டு. ஏடிஸ் முட்டைகளைத் தண்ணீரில் மிதக்கவிடுவதில்லை. நீர்மட்டத்துக்குச் சற்று மேலே சுவரில் ஒட்டிவைக்கிறது. தண்ணீரைக் கொட்டிவிட்டாலும் அவை காய்ந்த நிலையில் மாதக்கணக்கில் உயிரோடு காத்திருந்து, மறுபடி தண்ணீர் பட்டதும் பொரிக்கும். பரம்பரைக் குடியேறிகள் அல்லவா! ஆப்பிரிக்காவில் பிறந்த இந்த இனம், அடிமைக் கப்பல்களின் தண்ணீர்ப் பீப்பாய்களில் ஏறித்தான் அட்லாண்டிக்கைக் கடந்தது.

விடுதி அறிவிப்புப் பலகையில் நோட்டீசு ஒட்டப்பட்டது. குற்றம் கண்ட அறைகளின் எண்கள் அதில் இருந்தன. நம் தமிழ் நண்பர்கள் என் கதவில் 'கொசுப் பண்ணை, உள்ளே வருக' என்று எழுதி வைத்தார்கள். நானும் சேர்ந்து சிரித்தேன்.

அடுத்த திங்கட்கிழமை என் அறை நண்பனுக்கு ஜுரம் கண்டது.

அவன் ஒடிசாக்காரன்; பௌதிக மாணவன். மலையோரக் கிராமத்தில் பிறந்து, சிறுவயதில் இரண்டு முறை மலேரியாவில் விழுந்து எழுந்தவன். "எங்கள் காட்டுக் கொசுவையே பார்த்துவிட்டேன், டில்லிக் கொசு என்ன செய்யும்?" என்று முதல் நாள் தமாஷ் பேசினான். இரண்டாம் நாள் ஜுரம் 104 டிகிரி. கண்களுக்குப் பின்னால் யாரோ ஆணி அறைவதுபோல் இருக்கிறது என்றான். ரத்தத்தைச் சோதித்ததில் டெங்கு என்று வந்தது.

ஐந்தாம் நாள் காலை ஜுரம் இறங்கிற்று. நாங்கள் மகிழ்ந்தோம். மெஸ்ஸிலிருந்து கிச்சடி வாங்கி வந்து ஊட்டினேன். புத்தகத்தில் படித்த ஒரு வாக்கியம் அப்போது என் ஞாபகத்துக்கு வந்திருக்க வேண்டும்: டெங்குவில் ஜுரம் விடும் வேளைதான் ஆபத்தான வேளை. ரத்தக் குழாய்களிலிருந்து நீர் கசியத் தொடங்குவது அப்போதுதான். வரவில்லை. மாலையில் வயிற்றை வலிக்கிறது என்றான். இரண்டு முறை வாந்தியெடுத்தான். கையைத் தொட்டால் ஐஸாக இருந்தது. அப்போதுதான் அந்த வாக்கியம் வந்தது. ஆட்டோவில் போட்டுக்கொண்டு ஓடினேன். ஆஸ்பத்திரியின் பெயர் இங்கே வேண்டாம். ஒரு கட்டிலில் இரண்டு பேர் படுத்திருந்த காலம் அது, யாரையும் குறை சொல்வதற்கில்லை. ரத்தத் தட்டுகள் 19,000 என்று வந்தது. குறைந்தது ஒன்றரை லட்சமாவது இருக்க வேண்டியவை.

அந்த 19,000 என்ற எண் விடுதி முழுவதும் பரவிற்று. உடனே வைத்தியம் சொல்ல ஒரு படை திரண்டது. பப்பாளி இலைச் சாறு என்றான் ஒருவன். ஆட்டுப்பால் என்றான் டில்லிக்காரன். டெங்குக் காலத்தில் இந்நகரில் ஆட்டுப்பாலுக்கு வரும் கிராக்கியைப் பார்த்தால் ஆடுகளே ஆச்சரியப்படும். நம்மவர்கள் நிலவேம்பைச் சொன்னார்கள். ஆர்.கே.புரத்திலிருந்து ஒரு தமிழ் மாமி, முன்பின் அறியாத ஒடிசாப் பிள்ளைக்காக ஒரு தூக்கு நிறைய ரசம் கொடுத்தனுப்பினார். இவை யாவற்றிலும் அவன் விரும்பிக் குடித்தது அது ஒன்றுதான். இரவு வேலையிலிருந்த இளம் டாக்டர் என்னைத் தனியே அழைத்து, "தட்டுகளை எண்ணிக்கொண்டு பயப்படாதே. அவன் எவ்வளவு குடிக்கிறான், எவ்வளவு சிறுநீர் கழிக்கிறான் என்று எண்ணு" என்றார். என் ஆராய்ச்சி நோட்டின் பின்பக்கத்தில் மணியும் மில்லியும் எழுதினேன். இரண்டு இரவும் ஒரு பகலும் எழுதினேன். முன்பக்கத்தில் என் கொசுக்களின் கணக்கு, பின்பக்கத்தில் என் நண்பனின் கணக்கு.

பிழைத்துவிட்டான். மூன்றாம் நாள் கைகால்களில் சொறி எடுத்து, பசிக்கிறது என்று கேட்டான். முன்பே எப்போதோ ஒருமுறை டெங்கு வந்துபோனதன் தடயமும் அவன் ரத்தத்தில் இருந்தது என்று டாக்டர் சொன்னார். டெங்கு விஷக்கிருமியில் நான்கு வகை உண்டு. ஒரு வகை வந்துபோனால் அந்த வகைக்குத்தான் பாதுகாப்பு. இரண்டாவது முறை வேறு வகை வந்தால் உடலின் பழைய எதிர்ப்புச் சக்தியே கிருமிக்குக் கைகொடுத்து நோயை முற்றச் செய்வதுண்டு.

அவன் ஊருக்கு ஓய்வெடுக்கப் போனபின் இரண்டு வாரம் அறையில் தனியாக இருந்தேன். ஒரு கேள்வி மட்டும் உடனிருந்தது. விஞ்ஞான மாணவன் என்ற முறையில் அதைக் கணக்காகவே போட்டுப் பார்த்தேன்.

கொசு பிறக்கும்போது பொதுவாக அதனிடம் கிருமி இருப்பதில்லை. முதலில் ஒரு நோயாளியைக் கடிக்க வேண்டும். கிருமி அதன் உடலுக்குள் பெருகி எச்சில் சுரப்பியை அடைய எட்டிலிருந்து பன்னிரண்டு நாள். பிறகு என் நண்பனைக் கடிக்க வேண்டும். கடிபட்டவனுக்கு ஜுரம் காண இன்னும் நாலைந்து நாள் முதல் ஒரு வாரம் வரை. ஆகப் பன்னிரண்டு நாளுக்குக் குறையாது. செவ்வாய்க்கிழமை கரண்டியில் கண்ட புழுக்களுக்கும் திங்கட்கிழமை ஜுரத்துக்கும் இடையே ஆறே நாள். எனவே அவை நிரபராதிகள். ஆனால் கூலர் ஜூலையிலிருந்து நின்றிருந்ததே? கரண்டியில் கண்டவற்றுக்கு முன்பே அதே தொட்டியிலிருந்து அவற்றின் அக்காமார் பறந்துபோயிருப்பார்கள். அக்காமார் என்றுதான் சொல்ல வேண்டும். ஆண் கொசு கடிப்பதில்லை. ஏடிஸ் வெகுதூரம் பறக்கும் ஜாதியும் இல்லை. பெரும்பாலும் பிறந்த இடத்தைச் சுற்றியே நூறிருநூறு கஜத்துக்குள் வாழ்க்கையை முடித்துக்கொள்ளும். அந்தச் சுற்றளவுக்குள் எங்கள் விடுதி மட்டும் இல்லை. இன்னும் இரண்டு விடுதியும் ஒரு டீக்கடையும் எத்தனையோ கூலர்களும் இருக்கின்றன. அவற்றில் எதுவாகவும் இருக்கலாம்.

கணக்கு அதோடு நின்றிருந்தால் எனக்குத் தூக்கம் வந்திருக்கும். டெங்கு தொற்றிய நான்கு பேரில் மூன்று பேருக்கு ஒன்றுமே தெரிவதில்லை. ஆனால் அவர்களைக் கடிக்கும் கொசுவும் கிருமியை எடுத்துச் செல்லக்கூடும். அந்த ஆகஸ்டில் எனக்கு ஒருநாள் லேசான உடம்பு வலி இருந்தது. மழையில் நனைந்ததால் என்று நினைத்து இரண்டு தம்ளர் சுக்குக் காப்பியோடு மறந்துவிட்டேன். கூலர் மட்டும் என்னுடையதா, கொசுவுக்குக் கிருமி தந்த ரத்தமும் என்னுடையதுதானா? இதற்கு விடை கிடைக்காது. சோதித்திருக்கக்கூடிய காலம் கடந்துவிட்டது.

அந்த இரண்டு வாரத்தில்தான், என் எனாமல் தட்டுகளில் வளரும் கொசுவின் சரித்திரத்தை மார்க்குக்காக அன்றி ஒழுங்காகப் படித்தேன். படிக்கப் படிக்க அது எனக்கு உறவுக்காரன்போல் தோன்றிற்று. ஸ்டெபென்ஸி நம் நாட்டுக் கொசு. இந்தியாவிலிருந்து மேற்கே பாரசீக வளைகுடா வரைக்கும் வெகுகாலமாக வாழ்வது. மலேரியாக் கொசுக்களில் பெரும்பாலானவை கிராமவாசிகள். வயல், ஓடை, மழைக்குட்டை என்று பிழைப்பவை. ஸ்டெபென்ஸி ஒன்றுதான் நகரத்து நாகரிகம் கற்றது. கிணறும் மொட்டைமாடித் தொட்டியும் கட்டிட வேலைக்குத் தேக்கிய தண்ணீரும் அதற்குப் போதும். தமிழ்நாட்டு மலேரியாவில் பெரும்பங்கு நெடுங்காலம் சென்னைக்கே உரியதாக இருந்தது இதனால்தான். நான் பிறந்து வளர்ந்தது வடசென்னை. என் தம்பிக்கு ஐந்து வயதில் மலேரியா வந்தபோது எங்கள் தெருவில் அதை யாரும் அதிசயமாகப் பேசவில்லை.

அந்தக் கொசு 2012ல் ஆப்பிரிக்காவின் கிழக்குக் கொம்பில் உள்ள ஜிபூட்டி நாட்டின் துறைமுக நகரில் காணப்பட்டது. எப்படிப் போயிற்று என்று அதற்குப் பாஸ்போர்ட்டு கிடையாது. கப்பலில் போயிருக்க வேண்டும் என்று கருதுகிறார்கள். மலேரியாவை அநேகமாக ஒழித்துவிட்டோம் என்று நம்பியிருந்த சின்ன நாடு அது. ஜனத்தொகை சுமார் 10 லட்சம். 2012ல் அங்கே பதிவான மலேரியா நோயாளிகள் 27 பேர். 2020ல் 73,535 பேர். கொசு ஒன்றே முழுக் காரணம் என்று சொல்ல முடியாதென்றாலும், சந்தேகத்தின் பெரும்பகுதி அதன்மேல்தான். 2016ல் எத்தியோப்பியாவில் காணப்பட்டது. அதே வருஷம் செப்டம்பரில் இலங்கை மலேரியா ஒழிந்த நாடு என்று உலகச் சுகாதார ஸ்தாபனம் சான்றளித்தது. அவ்வருஷம் முடிவதற்குள் மன்னாரில் இக்கொசு வந்திறங்கியிருந்தது. நம் மீனவர்கள் எல்லை தாண்டினால் பத்திரிகையில் வருகிறது. இது தாண்டியதை எத்தனை பேர் அறிவோம்?

எத்தியோப்பியாவில் திரே தாவா என்று ஒரு நகரம். 2022ல், வறட்சிக் காலத்தில், மலேரியா வரக்கூடாத பருவத்தில் வந்தது. 2019ல் 205 ஆக இருந்த நோயாளிகளின் எண்ணிக்கை 2,425 ஆயிற்று. நோய் பரவிய இடங்களில் ஒன்று அங்குள்ள பல்கலைக்கழகம். ஆராய்ச்சியாளர்கள் போய்ப் பார்த்தபோது, நோயாளிகள் வாழ்ந்த இடங்களின் அருகே தண்ணீர் தேக்கிய பாத்திரங்களில் ஸ்டெபென்ஸி கிடைத்தது. மழை இல்லாத காலத்தில் தண்ணீரைத் தேக்காமல் எப்படி வாழ்வது? ஆப்பிரிக்க மலேரியா மழையையும் கிராமத்தையும் சார்ந்தது என்பதுதான் அந்தக் கண்டத்தின் நகரவாசிகளுக்கு இதுவரை இருந்த ஆறுதல். 2023ல் மட்டும் உலகில் சுமார் 5,97,000 பேர் மலேரியாவால் இறந்தார்கள் என்பது கணக்கு. மிகப் பெரும்பாலோர் ஆப்பிரிக்கர்கள், அவர்களிலும் முக்கால்வாசிப் பேர் ஐந்து வயது நிரம்பாத குழந்தைகள். இந்த நிலையில் வேனிற்காலத்திலும் நகரத்திலும் பிழைக்கத் தெரிந்த ஒரு கொசு அங்கே குடியேறியிருக்கிறது. அந்த விடுதிக் கட்டிடத்தை நான் பார்த்ததில்லை. ஆனால் அதன் குளியலறை வாசலில் வரிசையாக நிற்கும் வாளிகளை என்னால் நினைத்துப் பார்க்க முடிகிறது.

தண்ணீர்த் தொட்டியைக் கவிழ்த்தால் கொசு குறையும் என்பதை நம் நாட்டில் வெகுகாலத்துக்கு முன்பே ஒருவர் கண்டார். 1883ல் பெங்களூரில் படை வைத்தியராக இருந்த ரொனால்ட் ராஸ், தம் ஜன்னலருகே கிடந்த ஒரு தொட்டியில் புழுக்கள் நெளிவதைப் பார்த்து அதைக் கவிழ்த்தார், தொல்லை குறைந்தது. மற்ற இடங்களிலும் கவிழ்க்கலாமே என்று அவர் சொன்னபோது அதிகாரி இணங்கவில்லையாம். அதே ராஸ்தான் 1897 ஆகஸ்டு 20ஆம் தேதி செகந்தராபாத்தில், கொசுவின் வயிற்றுச் சுவரில் மலேரியாக் கிருமியைக் கண்டு, 1902ல் நோபல் பரிசு பெற்றார். ஹுசேன் கான் என்ற நோயாளி, கடித்த கொசு ஒன்றுக்கு ஓர் அணா கூலி பெற்றுக்கொண்டு அந்தக் கொசுக்களுக்குத் தம் ரத்தத்தைக் கொடுத்தார். பரிசில் அவருக்குப் பங்கில்லை.

பிற்பாடு டி.டி.டி. வந்தது. 1947ல் ஏறக்குறைய 7.5 கோடிப் பேருக்கு மலேரியா. 8 லட்சம் பேர் மாண்டார்கள். 1953ல் கட்டுப்பாட்டுத் திட்டம், 1958ல் ஒழிப்புத் திட்டம். வீட்டு வீட்டுக்குச் சுவரில் மருந்தடித்தார்கள். 1965 வாக்கில் நோயாளிகள் ஒரு லட்சமாகக் குறைந்தார்கள். மனித முயற்சியின் மகத்தான வெற்றிகளில் ஒன்று அது என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் நாம் வென்றுவிட்டோம் என்று உட்கார்ந்தோம். மருந்துக்குக் கொசு பழகிற்று. பணமும் கவனமும் சுருங்கின. கிராமத்துச் சுவர்களில் காட்டிய அக்கறை நகரத்துக் கிணற்றிலும் தொட்டியிலும் இல்லை. 1971ல்தான் நகரங்களுக்கென்று தனித் திட்டமே வந்தது. 1976ல் நோயாளிகள் 64 லட்சம்.

டெங்குவின் கதை இன்னும் வேகமானது. இந்த டில்லியிலேயே 1996ல் 10,000 பேருக்கு மேல் படுத்து, 400 பேருக்கு மேல் இறந்தார்கள். உலகம் முழுவதிலும் 2000ஆம் ஆண்டில் 5 லட்சமாக இருந்த பதிவு, 2024ல் 1.4 கோடியைத் தாண்டியது. முன்பைவிட நன்றாகக் கணக்கெடுக்கிறார்கள் என்பதும் அதில் ஒரு பங்கு. அதை மறைப்பது விஞ்ஞானமாகாது. இருந்தாலும் அதைக் கழித்தபின்னும் மீதம் பெரிது. ஐரோப்பியர்களுக்கு இது தெரியவந்த விதம் விசித்திரமானது. இந்தியாவிலிருந்து போன ஒரு பிரயாணி 2007ல் வட இத்தாலியில் ஒரு கிராமத்துக்குச் சிக்குன்குனியாவைக் கொண்டுபோனார். பழைய டயர்களுக்குள் தேங்கிய தண்ணீர் வழியாக முன்பே இத்தாலிக்குள் நுழைந்திருந்த புலிக்கொசு அதைச் சுமார் 200 பேருக்குப் பரப்பிற்று. முந்தின ஆண்டு நம் தெருக்களில் எத்தனை பேர் மூட்டைப் பிடித்துக்கொண்டு நடந்தார்கள் என்பது அப்போது அங்கே யாருக்கும் செய்தியாக இல்லை. என் பாட்டிக்கு 2006ல் பிடித்த முழங்கால் இன்னும் முழுவதும் மடங்கவில்லை.

வெப்பம் ஏறுவதும் சேர்ந்துகொண்டது. இதை நான் பத்திரிகை படித்துச் சொல்லவில்லை. என் தட்டில் 25 டிகிரித் தண்ணீரில் இரண்டு வாரம் எடுத்துக்கொள்ளும் புழு, 30 டிகிரியில் பத்து நாளில் பறந்துவிடுகிறது. கொசுவுக்குள் கிருமி முதிர்வதும் உஷ்ணத்தில் துரிதமாகும். இரண்டும் சேர்ந்தால் என்ன ஆகும் என்று கணக்கு வகுப்பில் உட்கார்ந்தவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

நம்பிக்கை தரும் செய்தியும் இருக்கிறது. வோல்பாக்கியா என்று ஒரு நுண்ணுயிர். அதை ஏடிஸ் கொசுவுக்குள் புகுத்திவிட்டால் டெங்குக் கிருமி அதில் சரியாக வளர்வதில்லை. இந்தோனேஷியாவின் யோக்யகர்த்தாவில் இப்படிப்பட்ட கொசுக்களைப் பறக்கவிட்ட பகுதிகளில் டெங்கு 77 சதவீதம் குறைந்தது என்று 2021ல் வெளியிட்டார்கள். நம் புதுச்சேரியிலுள்ள ஆராய்ச்சி நிலையத்திலும் அத்தகைய கொசு இனங்களை உருவாக்கியிருக்கிறார்கள். கொசுவைக் கொண்டே கொசு நோயைத் தடுப்பது அழகான யோசனை. எம்.எஸ்ஸி. முடிந்ததும் அங்கே சேர வேண்டும் என்பது என் ஆசை. அம்மாவுக்கும் பிடித்திருக்கிறது, புதுச்சேரி பஸ்ஸில் மூன்றரை மணி நேரந்தான்.

பொங்கலுக்கு ஊருக்குப் போனேன். ஆஸ்பத்திரி இரவுகளுக்குப் பிறகு எந்தத் தண்ணீரையும் சும்மா பார்க்கும் பழக்கம் எனக்குப் போய்விட்டது. வீட்டு வாசலில் எங்கள் நீல டிரம் நிற்கிறது. 2019ல், நான் பிளஸ் ஒன் படித்தபோது, சென்னையே தண்ணீருக்குத் தவித்த கோடையில் வாங்கியது. அந்த வருஷம் இரவு இரண்டு மணிக்கு லாரிச் சத்தம் கேட்டால் தெருவே குடத்தோடு ஓடும். அப்புறம் மழை பெய்தது, ஏரிகள் நிரம்பின. எங்கள் தெருக் குழாயில் மட்டும் தண்ணீர் ஒழுங்காக வந்தபாடில்லை. டிரம் அங்கேயே நிலைத்துவிட்டது.

மூடியில் ஒரு பக்கம் உடைந்திருந்தது. தொலைபேசி விளக்கை அடித்துப் பார்த்தேன். பெரும்பாலானவை தலைகீழாகத் தொங்கின. சில மட்டும் நீர்மட்டத்தோடு மட்டமாகப் படுத்திருந்தன. டில்லியில் என் கூலரில் இருந்ததும், என் தட்டுகளில் இருப்பதும், இரண்டும் ஒரே டிரம்மில் இருந்தன.

"அம்மா, இதை இப்பவே கொட்டணும்" என்றேன். நண்பனுக்கு நேர்ந்தது, ஆறு நாள் கணக்கு, ஓரத்தைத் தேய்ப்பது எல்லாவற்றையும் சொன்னேன். அம்மா அரிசி புடைப்பதை நிறுத்தாமல் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

"நீ சொல்றது சரிதான் கண்ணு. வாரத்துக்கு ஒருவாட்டி கொட்டிக் கழுவணும், அவ்ளோதானே? லாரி மறுபடி எப்ப வரும்னு மட்டும் சொல்லு. இப்பவே கொட்டிடறேன்."

எனக்குப் பதில் தெரியவில்லை. டில்லியிலிருந்து படித்துக்கொண்டு வந்த எதிலும் அது இல்லை.

பாட்டிதான் எழுந்து, முழங்காலைத் தேய்த்துக்கொண்டே உள்ளே போய், தாத்தாவின் பழைய வேட்டி ஒன்றைக் கொண்டுவந்தார்கள். அதை இரண்டாக மடித்து, வீட்டிலிருந்த குடங்கள் அத்தனைக்கும் தம்பியும் நானும் தண்ணீரை வடிகட்டினோம். டிரம்மைக் கவிழ்த்து, தேங்காய் நாரால் உட்புறம் முழுதும் தேய்த்தோம். தண்ணீரைத் திரும்ப ஊற்றி, வேட்டியை அலசி, வாய்மேல் இழுத்து, பழைய சைக்கிள் டியூபை வெட்டி இறுக்கிக் கட்டினோம். அலசுவதற்கு முன் துணியில் தங்கியவற்றை எண்ணிப் பார்த்தேன், பழக்க தோஷம். 43 இருந்தன.

லாரி வியாழக்கிழமை இரவு 11 மணிக்கு வந்தது.